மூன்று எண்ணுவதற்குள் காணாமல் போன முகம்

1. கிழிந்த சீட்டு

ரங்கூன் டல்ஹௌசி தெருவில் ஞானமுத்து சாரின் ஸ்டூடியோவில் நான் ரீடச்சராகச் சேர்ந்த முதல் நாள், பத்து மணி அடிப்பதற்குள் நான் எழுதிய சீட்டு ஒன்றை அவர் நாலாகக் கிழித்துக் குப்பைக்கூடையில் போட்டார். வந்த வேலையும் அதோடு போயிற்று என்று நினைத்து, மத்தியானம் வரைக்கும் குடையைக் கக்கத்திலேயே இடுக்கிக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து இருபதுகளின் நடுவில் நடந்த கதை இது. இன்றைக்குக் காமிராவைக் கழுத்தில் மாட்டிக்கொண்டு திரியும் பிள்ளைகளுக்கு ரீடச்சர் என்றால் யார் என்றே தெரியாது. கண்ணாடி நெகட்டிவின் மேல் கூரான பென்சிலால் வேலை செய்கிறவன் ரீடச்சர். நெகட்டிவில் பென்சில் பட்ட இடம் பிரிண்டில் வெளுத்து வரும். அம்மைத் தழும்பு, கண்ணுக்குக் கீழே கருவளையம் எல்லாவற்றையும் பென்சிலால் போக்கிவிடலாம். கறுப்பையும் போக்கிவிடலாம். எனக்கு அந்த ஊரில் சோறு போட்டது பெரும்பாலும் அந்தக் கடைசி வேலைதான்.

சீட்டு விஷயத்துக்கு வருகிறேன். அதற்கு முன் நான் வேலை பார்த்த ஸ்டூடியோவில், வாடிக்கைக்காரர் வந்ததும் ஒரு சீட்டில் அவர் பெயர், படத்தின் அளவு, எத்தனை காப்பி என்று எழுதுவோம். மூலையில் ஓர் எழுத்து போடுவோம். வெள்ளை என்றால் ‘வெ’, மாநிறம் என்றால் ‘மா’, கறுப்பு என்றால் ‘க’. அந்த எழுத்தைப் பார்த்துத்தான் காமிராக்காரர் லென்ஸ் மூடியைத் திறந்து எத்தனை எண்ணுவது என்று முடிவு செய்வார். ‘வெ’வுக்கு இரண்டு, ‘மா’வுக்கு மூன்று, ‘க’வுக்கு ஐந்து ஆறு. பழக்க தோஷம், புது இடத்தில் வந்த முதல் ஆளுக்கே நான் ‘க’ போட்டுவிட்டேன்.

ஞானமுத்து சார் சீட்டைக் கையில் வாங்கிப் பார்த்தார். “இது என்ன எழுத்து?” என்று கேட்டார்.

“ஆள் கறுப்புங்க சார். எக்ஸ்போஷருக்காக...”

“நம்ம ஸ்டூடியோவுல கறுப்பும் கிடையாது, வெள்ளையும் கிடையாது. மனுஷங்கதான் உண்டு. எல்லாருக்கும் மூணு எண்ணிக்கை. விளங்கிச்சா?”

விளங்கவில்லை. விளங்கிற்று என்று தலையை ஆட்டினேன்.

2. ஒரே பெஞ்சு

ஞானமுத்து சார் திருநெல்வேலிக்காரர், கிறிஸ்தவர். வெள்ளை டிரில் கோட்டும் சட்டைப்பையில் கடிகாரச் சங்கிலியுமாக இருப்பார். ஆளைப் பற்றி நான் கேலியாக எழுதுவதாக யாரும் நினைக்க வேண்டாம். அப்படிப்பட்ட முதலாளி எனக்கு முன்னும் வாய்க்கவில்லை, பின்னும் வாய்க்கவில்லை. ஆனால் பிடிவாதம் என்று வந்துவிட்டால் ஊரோரத்துப் பசுந்தாங் கால்வாய்த் தண்ணீரையே திசைமாறி ஓடச் சொல்வார்.

அந்த நாளில் ரங்கூனில் பல ஸ்டூடியோக்களில் துரைமார்களுக்கு முன்னறையில் நாற்காலி, மின்விசிறி, காலை வேளையின் நல்ல வெளிச்சம். மற்றவர்களுக்குப் பின்கட்டில் பாய். எங்கள் ஸ்டூடியோவில் எல்லாருக்கும் ஒரே பெஞ்சு. வந்த வரிசைப்படி நம்பர் போட்ட தகர வில்லை கொடுப்போம். ஒருநாள் செட்டியார் வீட்டுச் சமையல்காரர் நாலாம் நம்பர் வில்லையோடும், வெள்ளைக்காரச் சீமாட்டி ஒருத்தி ஐந்தாம் நம்பர் வில்லையோடும் அந்தப் பெஞ்சில் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்திருந்தார்கள். அம்மாள் தன் முறைக்கு முன்னால் எழுந்தாள். ஞானமுத்து சார் சிரித்த முகத்தோடு இங்கிலீஷில் என்னவோ சொன்னார். அவள் மறுபடியும் உட்கார்ந்துவிட்டாள்! சமையல்காரருக்குத்தான் வேர்த்துக் கொட்டியது. “ஐயா, அம்மா மொதல்ல போகட்டும், நான் ராத்திரி வரைக்கும்கூட இருக்கேன்” என்று கும்பிட்டார். “நாலுக்கு அப்புறம்தாங்க அஞ்சு” என்று சார் அவரை உள்ளே தள்ளிக்கொண்டு போனார்.

அந்த ஒரு காட்சிக்காகவே அவரிடம் சம்பளம் இல்லாமல் வேலை செய்யலாம் என்று அன்று நினைத்தேன். அவரிடம் சொல்லவில்லை, நிஜமாகவே எடுத்துக்கொண்டிருப்பார்.

எண்ணிக்கை மட்டும் எனக்கு உறுத்திக்கொண்டே இருந்தது. டார்க் ரூமில் இருந்தவர் கோ தின் என்ற பர்மாக்காரர். தமிழும் இந்துஸ்தானியும் கலந்து பேசுவார். ஆனால் நெகட்டிவைப் பற்றிச் சொல்ல அவருக்கு இரண்டே வார்த்தைதான், இரண்டும் பர்மியம். நன்றாக இருந்தால் ‘கௌண்டே’. இல்லையென்றால் ‘மகௌம்பூ’. தமிழ் ஆட்களின் நெகட்டிவ் வரும்போதெல்லாம் ‘மகௌம்பூ’ என்று முணுமுணுத்து என் மேஜையில் வைத்துவிட்டுப் போவார். நான் பென்சிலை எடுத்து நெற்றி, மூக்குத் தண்டு, கன்னம் என்று தேய்த்துத் தேய்த்து ஒரு மாதிரி கரையேற்றிவிடுவேன். படத்தை வாங்க வருகிறவர்கள், தாங்கள் இவ்வளவு சிவப்பா என்று பூரித்துப்போய் இன்னும் ஆறு காப்பி சொல்வார்கள். ஆகவே புகார் என்று ஒன்று வரவே இல்லை. சாரும் தன் கொள்கை நடக்கிறது என்று நிம்மதியாக இருந்தார். நடந்தது என் பென்சில் என்று அவருக்கு எப்படித் தெரியும்?

3. நாற்காலி

பசுந்தாங் கால்வாய்க்கரையில் இருந்த அரிசி ஆலை ஒன்றின் மானேஜர் துரை சீமைக்குத் திரும்பப் போகிறார் என்று குரூப் போட்டோ எடுக்க அழைப்பு வந்தது. ஐம்பது பேர். ஞாயிற்றுக்கிழமை ஆலை ஓடாது என்பதால் அன்றைக்கு வைத்தோம்.

குரூப் போட்டோ உட்காரும் முறை எல்லாருக்கும் தெரிந்ததுதான். துரைகளும் ஆங்கிலோ-இந்தியர்களும் நாற்காலியில், பர்மியக் குமாஸ்தாக்களும் சீனத் தச்சர்களும் பின்னால் நிற்பார்கள், நம்மவர்கள் தரையில். ஞானமுத்து சார் அதைப் பார்த்துவிட்டு நேரே மானேஜரிடம் போனார்.

“துரை, உங்க கிட்டே அதிக நாள் வேலை பார்த்தவங்களை உங்களுக்குப் பக்கத்துல உட்கார வையுங்க. வருஷக் கணக்குதான் நியாயமான கணக்கு. அதுல நிறம் கிடையாது.”

மானேஜர் குஷிப் பேர்வழி. கைதட்டிவிட்டு, “அப்படியே செய்” என்றார். குமாஸ்தா ரிஜிஸ்தரைக் கொண்டுவந்தார். எல்லாரையும்விட அதிக நாள் வேலை பார்த்தவர் பாய்லர் மேஸ்திரி சன்னாசி. பத்தொன்பது வருஷம். துரையின் வலது பக்கத்து நாற்காலி அவருக்கு.

சன்னாசி அண்ணன் ராமநாதபுரத்துப் பக்கம். ஆறடி உயரம், பாய்லரில் எரிக்க உமி அள்ளி அள்ளித் தோள் இரண்டும் கதவு மாதிரி. நிறம் நல்ல கறுப்பு, எண்ணெய் போட்ட தேக்கு மாதிரி மினுங்கும். அன்று வெள்ளைக் கோட்டு, வெள்ளைத் தலைப்பாகை. நாற்காலியில் உட்காருவதற்கு முன்னால் கைக்குட்டையால் அதைத் துடைத்தார். பிறகு தன் வேட்டியில் தூசி இருக்கிறதா என்று பார்த்தார். உட்கார்ந்த பிறகு என்னைக் கூப்பிட்டு மெதுவாகச் சொன்னார்:

“தம்பி, எனக்கு ஒரு காப்பி தனியா வேணும். ஊர்ல பொஞ்சாதி இருக்கா. நாலு வருஷமாச்சு நான் போயி. ஆளு எப்படி இருக்கான்னு பார்க்கட்டும். நாற்காலியையும் பார்க்கட்டும்.”

சார் கறுப்புத் துணிக்குள் தலையை விட்டுப் பார்த்தார். வெளியே வந்து லென்ஸ் மூடியைக் கழற்றினார். ஒன்று, இரண்டு, மூன்று. மூடினார். ஐம்பது பேரும் மூச்சு விட்டார்கள்.

4. தலைப்பாகை மட்டும்

அன்று மாலை கோ தின் டார்க் ரூமிலிருந்து வெளியே வந்தபோது ‘மகௌம்பூ’ என்றுகூடச் சொல்லவில்லை. பிளேட்டை வெளிச்சத்துக்கு எதிரே பிடித்துக் காட்டினார். பின்னால் சுண்ணாம்பு அடித்த சுவர், முன்னால் வெள்ளை உடைகள், எல்லாம் அருமையாக விழுந்திருந்தன. துரையின் மீசையில் முடியை எண்ணலாம். சன்னாசி அண்ணனின் முகம் இருக்க வேண்டிய இடத்தில் மட்டும் வெறும் கண்ணாடி. ஒரு கோடு கிடையாது.

கண்ணாடியில் முகம் கொஞ்சமாவது பதிந்திருந்தால் பென்சிலால் தேற்றலாம். ஒன்றுமே இல்லாத இடத்தில் எதைத் தேற்றுவது? தரையில் உட்கார்ந்திருந்த கூலிக்காரர்களில் பாதிப் பேருக்கும் அதே கதிதான். ஞானமுத்து சார் பார்த்தார். “வெயில் சாஞ்சிருச்சு, அவ்வளவுதான். பிரிண்ட் போடுங்க” என்று சொல்லிவிட்டார். காலை பத்து மணிக்கு எடுத்த படத்தில் வெயில் எங்கே சாயும்? ஆனாலும் பிளேட்டைப் பிரிண்டுக்குக் கொடுத்தேன்.

பிரிண்டுகள் புதன்கிழமை காலை ஆலைக்குப் போயின. அன்று சாயங்காலம் நாலு மணிக்கு ஷிப்ட் முடிந்ததும் சன்னாசி அண்ணன் ஸ்டூடியோவுக்கு வந்தார். உடம்பெல்லாம் உமித்தூள். படத்தை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டிருந்தார்.

“ஐயா, இதுல நான் எங்க இருக்கேன்?”

சார் நாற்காலியைக் காட்டினார்.

“அங்க தலப்பா இருக்கு, கோட்டு இருக்கு. நடுவுல ஆளு எங்க? ஆலையில சின்னப் பயலுக எல்லாம் சிரிக்கிறானுக. ‘மேஸ்திரி வரல, தலப்பாவ அனுப்பி வெச்சிட்டாரு’ங்கிறானுக. பத்தொன்பது வருஷத்துல ஒரு தடவ நாற்காலி குடுத்தீங்க. அதுல ஒக்காந்தது நான்தான்னு நானே சத்தியம் பண்ணினாத்தான் உண்டு.”

“ஒரு நாள் டயம் குடுங்க மேஸ்திரி. நம்ம வேலு சரி பண்ணிடுவான்” என்றார் சார். வேலு என்றது என்னைத்தான். என் முழுப்பெயர் வேலாயுதம்.

“சரி பண்றதுன்னா இங்கேயே பண்ணட்டும். நான் இருந்து பாக்குறேன்.”

அரை மணி நேரம் முக்கினேன். அண்ணனை எதிரில் உட்காரவைத்து, அவரைப் பார்த்துப் பார்த்துக் கண்ணாடியில் கண், மூக்கு, மீசை எல்லாம் வரைந்தேன். ஆனால் கை பழகிய கை. வருஷக்கணக்காக எந்த முகத்தை வரைந்து வந்ததோ அதையே வரைந்தது. ஈரப் பிரிண்டைக் கோ தின் கொண்டுவந்து வைத்தார். வைக்கும்போதே, “இது போன வாரம் வந்த துணிக்கடைச் செட்டியார்தானே?” என்றார்.

சன்னாசி அண்ணன் குனிந்து பார்த்தார். நிமிர்ந்தார். மறுபடியும் குனிந்தார்.

“யாரு தம்பி இவன்? என் தலப்பாவக் கட்டிக்கிட்டு என் நாற்காலியில ஒக்காந்திருக்கான்! இவன ஊருக்கு அனுப்பினா என் பொஞ்சாதி செருப்பால அடிப்பா!”

கோ தின் வாயைப் பொத்திக்கொண்டு டார்க் ரூமுக்குள் ஓடிவிட்டார். எனக்கும் சிரிப்பு வந்தது. அதே நேரத்தில் முகமெல்லாம் சுட்டது. நான் இதுவரை எத்தனை பேரை இப்படிச் செட்டியாராக மாற்றி ஊருக்கு அனுப்பியிருப்பேன் என்று ஓர் எண்ணம் வந்தது.

5. உமியின் கணக்கு

ஞானமுத்து சாருக்கு மனம் கஷ்டமாகிவிட்டது. கஷ்டமானால் அவருக்குக் கோபம்தான் வரும்.

“மேஸ்திரி, நான் உங்களுக்குக் குறையா ஒண்ணும் பண்ணல. துரைக்கு எத்தனை எண்ணினேனோ உங்களுக்கும் அத்தனைதான் எண்ணினேன். எல்லாருக்கும் ஒரே வெளிச்சம், ஒரே கணக்கு. இந்த ஊர்ல வேற யாரு அப்படிப் பண்றாங்க?”

“யாரும் பண்ண மாட்டாங்க, ஒத்துக்கிறேன். நாற்காலி வாங்கிக் குடுத்ததும் நீங்கதான். அத நான் சாகுற வரைக்கும் மறக்க மாட்டேன். ஆனா எங்க ஆலையில நாலு பாய்லர் இருக்குங்க. மூணாவது கெழடு. அதுக்கு உமி அதிகம் வேணும். நாலுக்கும் ஒரே கணக்குன்னு நான் அள்ளிப் போட்டா மூணாவது அணைஞ்சு போயிரும். அணைஞ்ச பொறவு, ‘உனக்கு நான் என்ன கொறை வெச்சேன்’னு அதுகிட்ட கேக்க முடியுமா?”

நான் குறுக்கே விழுந்தேன்.

“சார், பழைய ஸ்டூடியோவுல இந்த மாதிரி ஆளுக்கு ஆறு எண்ணுவோம். குரூப்புன்னா இன்னும் கூட. சீட்டுல அந்த எழுத்து இருந்தா...”

“அந்த எழுத்தைப் பத்தி என்கிட்ட பேசாதே!” என்று மேஜையில் அடித்தார். பென்சில் டப்பா கீழே விழுந்தது. நான் பொறுக்க ஆரம்பித்தேன். அவர் பெஞ்சில் போய் உட்கார்ந்தார். யாரிடமும் என்றில்லாமல் பொதுவாகச் சொன்னார்.

“நானும் அப்படி ஒரு ஸ்டூடியோவுல சீட்டு எழுதினவன்தான். எக்ஸ்போஷருக்குன்னுதான் எழுத்து போட ஆரம்பிச்சாங்க. ஆறே மாசம். ‘க’ன்னா பின்வாசல். ‘க’ன்னா மூணு மணிக்கு மேல மிச்சம் இருக்கிற வெளிச்சம். எங்க அப்பா ஊர்லேருந்து வந்தார். மகன் வேலை செய்யிற எடத்துல ஒரு படம் எடுத்துக்கணும்னு ஆசை. சீட்டை நானே எழுதினேன். ‘க’ போட்டேன். காலையில எட்டு மணிக்கு வந்த மனுஷன் பின்வாசல் படியில சாயங்காலம் வரைக்கும் ஒக்காந்திருந்தார். ‘ஏண்டா லேட்டு’ன்னு என்கிட்ட ஒரு வார்த்தை கேக்கல.”

அவர் ஏன் அன்று என் சீட்டைக் கிழித்தார் என்பது எனக்கு அப்போதுதான் புரிந்தது. அந்த நேரத்தில் அவர் சொல்வதும் சரி, சன்னாசி அண்ணன் சொல்வதும் சரி என்றிருந்தது. அப்படியானால் வேலையை எப்படிச் செய்வது?

சன்னாசி அண்ணன் போய் அவர் பக்கத்தில் பெஞ்சில் உட்கார்ந்தார்.

“எழுத வேணாங்கய்யா. எழுதினா எவனாவது எடுத்து வேற எதுக்காச்சும் வெச்சுக்குவான். எழுதாதீங்க. என் மூஞ்சியப் பாருங்க, போதும்.”

சார் அவரை முதல் முறையாகப் பார்ப்பதுபோல் பார்த்தார். “துரை என்னைக்குக் கப்பலேறுறார்?” என்று கேட்டார்.

“சனிக்கிழம.”

“வெள்ளிக்கிழமை காலையில மறுபடியும் எடுப்போம். துரைகிட்ட நான் வந்து பேசறேன்.” என் பக்கம் திரும்பினார். “எண்ணுறது நீ.”

தோற்றுவிட்டேன் என்று அவர் ஒப்புக்கொள்ளவில்லை. ஆனால் அதுவரை வேறு யார் கையிலும் கொடுக்காத லென்ஸ் மூடியை என் கையில் கொடுத்துவிட்டார்.

6. எட்டு

வெள்ளிக்கிழமை ஆலை ஓடும் நாள். என்ஜின் ஓடினால் முற்றமே அதிரும். நான் தீர்மானித்திருந்த எட்டு எண்ணும் வரை காமிரா ஆடாமல் நிற்காது. “பத்து நிமிஷம் நிறுத்துறேன். பதினோராவது நிமிஷம் எனக்கு ஆலை ஓடணும்” என்று மானேஜர் சொல்லிவிட்டார். சன்னாசி அண்ணன் தன் கையாலேயே நீராவியை அடைத்துவிட்டு, முகத்தைக் கழுவிக் கோட்டை மாட்டிக்கொண்டு ஓடி வந்தார். ஒரு குமாஸ்தா உதவி செய்கிறேன் என்று பவுடர் டப்பாவை நீட்டினார்.

“மாவு பூசிக்கிட்டு ஒக்காரவா? எடுத்துட்டுப் போங்க சார்” என்று அண்ணன் விரட்டிவிட்டார்.

துணிக்குள் தலையை விட்டுப் பார்த்தேன். தலைப்பாகையின் நிழல் அவர் கண்மேல் விழுந்திருந்தது. கீழேயிருந்து வெளிச்சம் ஏறினால் சரியாகிவிடும். வெள்ளையாக ஏதாவது தரையில் விரிக்க வேண்டும். சுற்றிலும் சாக்குதான். மானேஜர் பங்களா பக்கத்திலேயே இருந்தது. சாப்பாட்டு மேஜை விரிப்பைக் கேட்டேன்.

“என் மேஜை விரிப்பையா?” என்றார் மானேஜர், தன் ரங்கூன் இந்துஸ்தானியில்.

“மேஸ்திரி மூஞ்சிக்கு, துரை” என்றேன். வேறு விளக்கம் சொல்ல எனக்கு இந்துஸ்தானி போதாது.

மானேஜர் சன்னாசி அண்ணனை ஒரு பார்வை பார்த்தார், விரிப்பைக் கொண்டுவரச் சொன்னார். முன்வரிசைக்கு எதிரே உமித்தூளின் மேல் கஞ்சி போட்ட வெள்ளைத் துணி விரிந்ததும், அண்ணனின் தாடைக்குக் கீழேயிருந்து வெளிச்சம் ஏறுவதை என் கண்ணாலேயே பார்த்தேன். தரையில் உட்கார்ந்திருந்தவர்களின் முகங்களும் தெளிந்தன.

“எட்டு எண்ணுவேன். யாரும் ஆடக்கூடாது” என்று சத்தம் போட்டேன்.

ஐம்பது பேர் எனக்காக மூச்சை அடக்கிக்கொண்டு உட்கார்ந்தார்கள். உண்மையில் சன்னாசி அண்ணனுக்காக. ஒன்று, இரண்டு... ஆறு என்கும்போது மானேஜர் தும்மிவிட்டார். உமித்தூள்! ஆலை முழுக்கச் சிரிப்பு. பத்து நிமிஷத்தில் நாலு போய்விட்டது. இரண்டாவது பிளேட்டைச் செருகினேன். சாரைத் திரும்பிப் பார்த்தேன். அவர் கடிகாரத்தைப் பார்க்கவில்லை, என்னையும் பார்க்கவில்லை; முன்வரிசையைப் பார்த்துக்கொண்டு நின்றார். மறுபடியும் மூடியைக் கழற்றி எட்டு எண்ணினேன். மானேஜர் அடுத்த தும்மலை அடக்கி அடக்கிக் கண் பிதுங்க உட்கார்ந்திருந்தார். மூடியைப் போட்டேனோ இல்லையோ, வெடித்தார்.

எக்ஸ்போஷரைக் கூட்டினால் வெள்ளைத் துணியெல்லாம் தீய்ந்துபோகும் என்று பயப்படுகிறவர்களுக்கு ஒன்று சொல்லிவைக்கிறேன். அதற்கு மருந்து டார்க் ரூமில் இருக்கிறது. பிளேட்டில் படத்தை வரவழைக்கும் டெவலப்பரில் தண்ணீரைக் கூட்டி, பிளேட்டைச் சீக்கிரம் வெளியே எடுக்க வேண்டும். எக்ஸ்போஷரைக் கறுத்த முகத்தைப் பார்த்துக் கொடு, டெவலப்பை வெள்ளைக் கோட்டைப் பார்த்து நிறுத்து. யாருக்கும் நஷ்டமில்லை. எட்டு எண்ணியதால் துரையின் மூக்கு ஒன்றும் கரைந்துபோகவில்லை.

கோ தின் சிவப்பு விளக்கு வெளிச்சத்தில் பிளேட் கிடந்த தட்டை ஆட்டிக்கொண்டிருந்தார். நானும் சாரும் இரண்டு பக்கமும் நின்றோம். முதலில் சுவர் வந்தது, பிறகு கோட்டுகள். பிறகு, அண்ணனின் தலைப்பாகைக்குக் கீழே, மெதுவாக, நெற்றிச் சுருக்கம், மீசை, உதட்டோரத்தில் அடக்கிய சிரிப்பு, இடது காதோரத்தில் பழைய தீக்காயத் தழும்பு ஒன்று. மனிதர் முழுசாக வந்து உட்கார்ந்துவிட்டார்.

“கௌண்டே” என்றார் கோ தின்.

ஞானமுத்து சார் மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். டார்க் ரூமில் கண்ணாடியைத் துடைத்து என்ன ஆகப் போகிறது?

மறுநாள் காலையில் அண்ணன் வந்தபோது நான் பழக்கப்படி பென்சிலைக் கூராக்கி, “அண்ணே, காதோரத்துத் தழும்பை மட்டும் எடுத்துடவா?” என்று கேட்டேன்.

அவர் படத்தை வெகுநேரம் பார்த்துவிட்டு, “பென்சில கீழ வைங்க தம்பி” என்றார்.

7. ஊரிலிருந்து வந்த வசவு

ஸ்டூடியோச் சீட்டில் எழுத்து திரும்பி வரவில்லை. ஞானமுத்து சார் உயிரோடு இருந்தவரை வரவும் விடவில்லை, நானும் கேட்கவில்லை. பெஞ்சும் வில்லையும் அப்படியே இருந்தன. ஆனால் காமிராவுக்கு முன்னால் ஆள் உட்கார்ந்த பிறகு, நான் போய் முகத்தைப் பார்த்து எண்ணிக்கையை முடிவு செய்தேன். சார் மட்டும் கடைசி வரை விட்டுக்கொடுக்காமல் வாதாடுவார்: “எல்லாருக்கும் ஒரே எண்ணிக்கை போதும்கிற மாதிரி ஒருநாள் ஒரு பிளேட் வரும் பாரு.” புதுப்புது பிளேட்டுகள் வந்தன. அதிலும் பார்த்துத்தான் எண்ண வேண்டியிருந்தது. பென்சில் வேண்டுமா என்று ஒவ்வொருவரிடமும் கேட்க ஆரம்பித்தேன். பத்தில் எட்டுப் பேர் வேண்டும் என்றுதான் சொன்னார்கள், போட்டும் கொடுத்தேன். கேட்டுவிட்டுப் போட்டேன், அவ்வளவே.

என் தொழிலில் எனக்குக் கீழே வந்தவர்களுக்கு நான் சொல்லிக்கொடுத்தது இதுதான்: வாசலில் வருகிறவனின் நிறத்தைப் பார்க்காதே, காமிராவுக்கு முன்னால் உட்கார்ந்தவனின் நிறத்தைப் பார்க்காமல் இருக்காதே. இரண்டில் ஒன்றை மட்டும் பிடித்துக்கொள்கிறவர்கள் நிறையப் பேர். நானும் சாரும்கூட ஆளுக்கு ஒன்றைப் பிடித்துக்கொண்டுதான் நின்றோம். சன்னாசி அண்ணன் பெஞ்சில் வந்து உட்கார்ந்திராவிட்டால் இன்னும் அப்படியே நின்றிருப்போம்.

இரண்டு மாதம் கழித்து ஒரு மத்தியானம் அண்ணன் கையில் கடிதத்தோடு உள்ளே வந்தார். வரும்போதே சத்தம்.

“தம்பி! நீங்க எடுத்த படத்தால எனக்கு ஊர்லேருந்து திட்டு வந்திருக்கு!”

சார் உள்ளறையிலிருந்து பதறிக்கொண்டு வந்தார். “ஏன், என்ன ஆச்சு? அடையாளம் தெரியலையாமா?”

“தெரிஞ்சதாலதாங்க வினையே. நாற்காலியப் பத்தி ஒரு வரி கெடையாது. துரை பக்கத்துல ஒக்காந்தத ஒரு வார்த்த கேக்கல. வாத்தியார வெச்சு நாலு பக்கம் எழுதியிருக்கா. காதுகிட்ட என்ன காயம்? எப்ப பட்டது? யாரு மருந்து போட்டது? சௌக்கியம் சௌக்கியம்னு மாசா மாசம் எழுதினியே, இதுதான் சௌக்கியமா?”

“காயம் எப்பப் பட்டது அண்ணே?” என்று கேட்டேன்.

“மூணு வருஷம் ஆச்சு. மூணாவது பாய்லர் கதவு. அவ பயப்படுவான்னு எழுதல.” கடிதத்தை மடித்துக் கோட்டுப் பைக்குள் வைத்தார். திட்டு வாங்கிய மனிதர் முகம் அப்படிச் சிரித்து நான் பார்த்ததில்லை. “வந்து காட்டுன்னு எழுதியிருக்கா. லீவு சொல்லிட்டேன். அடுத்த கப்பல்ல போறேன்.”